மேடைக்கு யார் தூக்கிப் போவது

ஜூன் 3, சனி

பாப்பா இன்று குப்புற விழுந்தாள். வலது கை உடம்புக்கு அடியில் மாட்டிக்கொண்டது. தலையைத் தூக்கி, அழுவதா சிரிப்பதா என்று முடிவு செய்யாத ஒரு முகத்தோடு என்னைப் பார்த்தாள். கையை எடுத்துவிட்டேன். நேராகப் படுக்கவைத்தால் உடனே மறுபடியும் விழுகிறாள். குளிக்கப் போகாமல் அங்கேயே உட்கார்ந்துவிட்டேன். இனிமேல் கட்டில் ஆகாது. பாப்பாவின் அப்பா கதிரேசன் பாயை எடுத்து விரித்துக் கொடுத்துவிட்டு மின்வாரிய ஆபீசுக்குப் போனார்.

மத்தியானம் பஜாரிலிருந்து வந்த மாமா, கதிரேசனின் அப்பா, செருப்பைக்கூடக் கழற்றவில்லை. "தேதி சொல்லிட்டாக தாயி. இருபத்தஞ்சு, ஞாயித்துக்கெழம. ரெண்டு தோழரும் வர்றாக. நம்ம பாப்பா பேரக் குடுத்துட்டு வந்துட்டேன்" என்றார்.

"பேரே இல்லையே மாமா. எதைக் குடுத்தீங்க?"

"எம் பேரத்தான். சின்னச்சாமி பேத்தின்னு."

பாப்பா பெரியவளானதும் படிக்கட்டும் என்றுதான் இந்த நோட்டை ஆரம்பித்தேன். அதனால் அவளுக்குப் புரியும்படி எழுதுகிறேன். நிலமீட்புப் பேரவைக் குடும்பங்களில் பிள்ளைக்கு வீட்டில் பேர் வைப்பதில்லை. பேரவையின் தலைவர்கள் பரிதிவாணனும் அவர் மனைவி அங்கயற்கண்ணியும். அங்கயற்கண்ணித் தோழர் எப்போது மாவட்டத்துக்கு வருகிறாரோ அப்போது மேடையில் வைப்பார். அதுவரை பெண் என்றால் பாப்பா, ஆண் என்றால் தம்பி. எதிர்வீட்டுப் பையன் மூன்று வயதில் தானே படியேறிப் போய்ப் பேர் வாங்கினான். இப்போது கல்லூரிக்குப் போகிறான். இன்றும் தம்பி என்று கூப்பிட்டால்தான் திரும்பிப் பார்க்கிறான்.

மேடையில் அதற்கு ஒரு முறை உண்டு. இடப்பக்கப் படியில் ஒரு தொண்டர் பிள்ளையை வாங்கிக்கொள்வார். தோழர் கையில் கொடுப்பார். தோழர் தூக்கிக் காட்டி, மைக்கில் மூன்று தடவை பேர் சொல்வார். தப்புப் பறை ஒரு முழக்கு முழங்கும். பிறகு வலப்பக்கத் தொண்டர் வாங்கிக் கீழே இறக்குவார். வீட்டுக்காரர்கள் மேடைக்குப் பின்னால் சுற்றி ஓடி, அந்தப் பக்கம் போய்ப் பிள்ளையை வாங்கிக்கொள்ள வேண்டும். ஒரு வருடம் இரண்டு பிள்ளைகள் மாறிப்போய், ஒரு குடும்பம் அடுத்தவர் பிள்ளையைப் பந்திவரை தூக்கிக்கொண்டு போய்விட்டது. ஈரத்துணி மாற்றும்போதுதான் தெரிந்ததாம். மாமா இதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தார்.

எனக்குச் சிரிப்பு வரவில்லை. இந்த ஐந்து மாதத்தில் கதிரேசனைத் தவிர யார் கையிலும் நான் பாப்பாவைக் கொடுத்ததில்லை. மாமாகூட அவள் என் மடியில் இருக்கும்போதுதான் கன்னத்தைத் தொடுவார். "கெமிஸ்ட்ரி படிச்ச புள்ள, கிருமிக்குப் பயப்படுது" என்று அவரே ஊருக்குச் சமாதானம் சொல்லிவைத்திருக்கிறார். நானும் அப்படியே இருக்கட்டும் என்று விட்டுவிட்டேன்.

ஜூன் 4, ஞாயிறு

தூங்கும்போது மூச்சு வருகிறதா என்று மூக்கருகே விரல் வைத்துப் பார்ப்பதை நிறுத்த வேண்டும். அவள் விழித்துக்கொள்கிறாள்.

ஜூன் 7, புதன்

சாத்தூரிலிருந்து அம்மா வந்தாள். என்னை வளர்த்தவள், சுப்புத்தாய். அப்பா கருப்பசாமி காலமான பிறகும் பேரவை அலுவலக மாடியில்தான் இருக்கிறாள். மாநாடு என்றால் சமையல் இன்னமும் அவள் பொறுப்பு. சேவு வாங்கி வந்திருந்தாள். மாமா எதிரில் வெயிலைப் பற்றியும் தக்காளி விலையைப் பற்றியும் விலாவாரியாகப் பேசினாள். மாமா வயலுக்குக் கிளம்பியதும் குரலை இறக்கினாள்.

"தோழர் சொல்லிவிட்டாக. பாப்பாவ நீ மேடைக்குத் தூக்கிட்டு வர வேணாமாம். நான் தூக்கிட்டு வரணுமாம். நீ வீட்டுலயே இருந்துக்கிடணுமாம்."

"ஏன்?"

"ஒனக்குத் தெரியாதாக்கும். போயிக் கண்ணாடியப் பாரு. புள்ள பெத்து ஒடம்பு எளச்சதும் அப்பிடியே அவுக மொகம் வந்து ஒக்காந்துருச்சு. பக்கத்துல நின்னா ஊரு பாக்காதா? ஆளாளுக்கு போட்டோ எடுத்து போன்ல போட்டுருவானே."

நான் பாப்பாவின் துணிகளை மடித்துக்கொண்டிருந்தேன். மடித்ததைப் பிரித்து மறுபடியும் மடித்தேன்.

"என்னையும் அன்னைக்கு நீதான மேடைக்குத் தூக்கிட்டுப் போன?"

"ஆமா."

"அப்ப அவங்க எங்க நின்னாங்க?"

"என்ன கேள்வி கேக்க புள்ள. அவுகதான் மேடையில நின்னு ஒனக்குப் பேரு வச்சாக."

எங்கேயும் எழுதாத ஒன்றை எழுதிவிடுகிறேன். பரிதிவாணனும் அங்கயற்கண்ணியும் என்னைப் பெற்றவர்கள். எழுதிப் பார்த்தால் வேறு யாரோ ஒருத்தியைப் பற்றிய செய்தி மாதிரி இருக்கிறது.

 போகும்போது அம்மா பாப்பாவுக்குக் கை நீட்டினாள். பால் குடிக்கிற நேரம் என்று சொல்லிவிட்டேன். குடித்து முடித்துப் பத்து நிமிடம்கூட ஆகியிருக்கவில்லை.

ஜூன் 9, வெள்ளி

பாப்பா, முதலிலிருந்து சொல்கிறேன்.

அவர்கள் இருவருக்கும் கல்யாணம் நடந்ததே ஒரு பொதுக்கூட்ட மேடையில்தான். மாலை மாற்றிய கையோடு ஒரு சபதம் சொன்னார்கள். நிலமில்லாத கடைசிக் குடும்பத்துக்கு நிலம் கிடைக்கும்வரை எங்களுக்கென்று பிள்ளை இல்லை. உங்கள் பிள்ளைகளே எங்கள் பிள்ளைகள். இந்த வரியை எங்கள் பக்கத்தில் சுவருக்குச் சுவர் பார்க்கலாம். மேடையில் பேர் வைக்கும் பழக்கம் வந்ததும் இதனால்தான். எல்லாப் பிள்ளைகளும் அவர்கள் பிள்ளைகள் அல்லவா.

கல்யாணமாகி ஐந்தாறு வருடம் கழித்து அங்கயற்கண்ணித் தோழர் தலைமறைவானார். நில வழக்கில் போலீஸ் தேடியது உண்மை. கம்மங்காட்டில் ஒளிந்தார், கண்மாய்க்குள் படுத்துறங்கினார் என்று அந்த மாதங்களைப் பற்றிப் பாட்டே இருக்கிறது. மாநாட்டில் அதைப் பாடும்போது பெண்கள் கண்ணைத் துடைத்துக்கொள்வார்கள். அவர் இருந்தது அம்மா வீட்டு மாடி அறையில். இரண்டு வேளை வாந்தி, ஒரு வேளை மாங்காய் என்று அம்மா சொல்வாள். அதே மாதங்களில் அம்மா வயிற்றில் துணி கட்டிக்கொண்டு தெருவில் தண்ணீர் எடுத்தாள். அவளுக்கு அதற்குமுன் இரண்டு கரு தங்கவில்லை. தெருவே அவளுக்காகச் சந்தோஷப்பட்டது.

நான் வளர்ந்த வீட்டுக்கு அவர்கள் வருடத்துக்கு இரண்டு மூன்று தடவை வருவார்கள், பேரவை வேலையாக. நானும் மற்றப் பிள்ளைகள் மாதிரி தோழர் என்றுதான் கூப்பிடுவேன். தோழருக்கு என் தலை வாரிவிடப் பிடிக்கும். பிரமுகர்கள் கீழே காத்திருக்க, மாடியில் உட்கார்ந்து சிக்கெடுப்பார். மெதுவாக எடுக்கத் தெரியாது.

பன்னிரண்டு வயதில் பேரவை நடத்திய பேச்சுப்போட்டியில் எனக்கு முதல் பரிசு. தலைப்பு, சபதம் காத்த தம்பதி. 'அவர்களுக்குப் பிள்ளை இல்லை, ஆனால் பிள்ளைகள் கோடி' என்று முடித்தேன். கைதட்டு ஓயவில்லை. பரிசைக் கொடுத்தது தோழர்தான். சாயங்காலம் அடுப்படியில் நான் தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தபோது பக்கத்தில் வந்து நின்றார்.

"நல்லாப் பேசுன. ஆனா 'பிள்ளை இல்லை'ன்னதும் ஓடிரக்கூடாது. அங்க நிறுத்தணும். ஜனங்க அத மனசுல வாங்கணும். எங்க, இன்னொரு தடவ சொல்லு."

நான் சொன்னேன். நிறுத்திச் சொன்னேன். "இதுதான்" என்று தலையில் கை வைத்துவிட்டுப் போனார்.

பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்த அம்மா, கரியும் சாம்பலுமாக எழுந்து வந்து என்னைக் கட்டிக்கொண்டாள். அவளால் அதற்குமேல் முடியவில்லை. என்னைப் பெற்றவர்கள் யார் என்று அன்றைக்குத்தான் சொன்னாள்.

எனக்குக் கோபமெல்லாம் இல்லை. நல்ல சாப்பாடு, நல்ல படிப்பு, எம்.எஸ்சி. வரை. யாரும் என்னை ஒரு அடி அடித்ததில்லை.

ஜூன் 10, சனி

கேழ்வரகை முளைகட்டிக் காயவைத்தேன். ஆறு மாதம் ஆனதும் கூழ் ஆரம்பிக்கலாம். தூசி விழாமல் மல் துணி போட்டுப் பக்கத்திலேயே இருந்தேன்.

ஜூன் 11, ஞாயிறு

கதிரேசனிடம் சொல்லிவிட்டேன்.

மொட்டைமாடியில் துணி உலர்த்திக்கொண்டிருந்தோம். அவர் கிளிப் எடுத்துக் கொடுக்க, நான் போட்டுக்கொண்டிருந்தேன். கல்யாணமாகி மூன்று வருடம், இதைச் சொல்லத் தகுந்த இடம் இதுவா என்று யோசித்திருந்தால் இன்றும் சொல்லியிருக்க மாட்டேன்.

"வெளையாடாத மதி" என்று சிரித்தார். நான் சிரிக்காததைப் பார்த்து அவரும் நிறுத்தினார். என் முகத்தையே கொஞ்ச நேரம் பார்த்தார். மின்கம்பத்தில் ஏதோ கோளாறைத் தேடுகிற மாதிரி.

"நெத்தி. அடக் கொடுமையே. அந்த நெத்தி. எத்தன போஸ்டர்ல பாத்திருக்கேன்."

"ம்."

"எங்க அப்பாவுக்குத் தெரியுமா?"

"தெரியாது."

"தெரியவே கூடாது." கிளிப் டப்பாவைக் கீழே வைத்தார். "பேரவை வாங்கிக் குடுத்த அந்த ரெண்டு ஏக்கர் அவருக்கு வெறும் மண்ணு இல்ல மதி. அவங்க சொன்ன சொல்லு. எனக்கு அப்புறம் எங்க அம்மா ஒரு பொம்பளப் புள்ள வேணும்னு எவ்வளவு கேட்டுச்சு தெரியுமா? தோழரே ஒண்ணும் பெத்துக்கல, நமக்கு எதுக்கு ரெண்டுன்னுட்டாரு. அம்மா சாகுற வரைக்கும் அந்த ஏக்கத்தோடதான் போச்சு. இப்பப் போய் இது பொய்யின்னு சொன்னா, மனுசன் யார்கிட்டப் போய்க் கேப்பாரு?"

எனக்கு இது தெரியாது. மாமா இதைச் சொன்னதே இல்லை. பேரவையில் இப்படி ஒற்றைப் பிள்ளையோடு நிறுத்தியவர்கள் இன்னும் எத்தனை பேர் இருப்பார்கள்.

"நான் ஊருக்குச் சொல்லப்போறதில்ல. ஆனா மேடைக்கு அவள நான்தான் தூக்கிட்டுப் போவேன்."

"அதான் வேணாங்குறாங்களே. ஒரு அஞ்சு நிமிசம். ஒங்க அம்மா தூக்கிட்டுப் போனா என்ன கொறஞ்சிரும்?"

"என்னையும் அஞ்சு நிமிசத்துக்குத்தான் தூக்கிட்டுப் போனாங்க."

 மீதித் துணியை அவரே போட்டார், எல்லாம் கோணலாக.

ஜூன் 15, வியாழன்

பாப்பாவுக்குச் சளி. மூக்கில் உப்புநீர்ச் சொட்டு. வேறு ஒன்றும் எழுத முடியாது.

ஜூன் 18, ஞாயிறு

சளி விட்டது. பாப்பாவைத் தூக்கிக்கொண்டு சாத்தூர் போனேன். கதிரேசன் பைக்கில் கொண்டுவிட்டு, டீக்கடைக்குப் போவதாகக் கிளம்பினார். நாங்கள் பேச வேண்டும் என்று அவருக்குத் தெரியும்.

அம்மா மாநாட்டுக்கு மிளகாய் வற்றல் காம்பு கிள்ளிக்கொண்டிருந்தாள். நெடி பட்டுவிடும் என்று பாப்பாவோடு ஜன்னலோரம் உட்கார்ந்தேன்.

ரொம்ப நாளாக மனதில் இருந்த ஒன்றைக் கேட்டேன். பள்ளியில் என் வகுப்பில் என்னையும் சேர்த்து மூன்று வான்மதிகள். டியூஷனில் இன்னும் இரண்டு பேர். விருதுநகரில் பஸ் ஏறினால் கண்டக்டர் மகள் வான்மதி. எல்லாரும் என் வயது. எல்லாரும் ஒரே மாநாட்டில் பேர் வாங்கியவர்கள். பத்தோடு பதினொன்றாக எனக்கும் அந்தப் பேரைத் தூக்கிப் போட்டார்கள் என்றுதான் இத்தனை வருடம் நினைத்திருந்தேன்.

"அன்னைக்கு அவங்களுக்கு வேற பேரே கெடைக்கலையாம்மா?"

அம்மா கிள்ளுவதை நிறுத்தினாள்.

"கெடைக்கலதான். ஒனக்கு முன்னால போன புள்ளைகளுக்கெல்லாம் வேற வேற பேரு. கயல்விழி, செம்பருத்தி, என்னென்னமோ. ஒன்னயத் தூக்கி வான்மதின்னு மூணு தடவ சொன்னாக. அந்தப் பக்கம் குடுத்துட்டாக. அடுத்த புள்ள வந்துச்சு, அதுக்கும் வான்மதி. அதுக்கடுத்ததும் வான்மதி. பின்னால ஒக்காந்திருந்த பரிதிவாணன் தோழர் எந்திரிச்சு வந்து காதுல சொல்றாரு, பேர மாத்து, மாத்துன்னு. ஆம்பளப் புள்ளைகளுக்கு மாத்திருவாக. பொம்பளப் புள்ள வந்தாப் போதும், வாயில அது ஒண்ணுதான் வந்துச்சு. சனங்க எல்லாம், இன்னைக்கு என்னமோ நாளு விசேசம், அதான் ஒரே பேருன்னு பேசிக்கிட்டாக."

பாப்பா என் வளையலைச் சப்பிக்கொண்டிருந்தாள்.  நெடி கண்ணில் பட்டிருந்தது.

"அதுக்குத்தான் சொல்றேன் புள்ள" என்றாள் அம்மா. "அவுகளக் கல்லுன்னு நெனைக்காத. நான் தூக்கிட்டுப் போறேன். ஒரு நிமிசம் கையில வாங்கிப் பாத்துக்கிடட்டும்."

"கையில வாங்கிப் பாக்கட்டும்மா. நான் தூக்கிட்டுப் போய்க் குடுக்கிறேன்."

"பிடிவாதத்தப் பாரு. அதுவும் அங்கருந்துதான் வந்திருக்கு."

ஜூன் 20, செவ்வாய்

அம்மாவின் போனிலிருந்து அழைப்பு. எடுத்தால் பரிதிவாணன். மேடையில் பேசுகிற அதே தமிழ்.

"வணக்கம் வான்மதி. நலந்தானே? குழந்தை நலமா? ஒரு வேண்டுகோள். இயக்கம் ஒரு நெருக்கடியான கட்டத்தில் இருக்கிறது. சிறு சலசலப்பைக்கூட எதிரிகள் பயன்படுத்திக்கொள்வார்கள். நீ படித்த பெண். பொதுநலன் கருதி ஒத்துழைக்க வேண்டும்."

"எதுக்கு ஒத்துழைக்கணும் தோழர்? வாயத் தொறந்து சொல்லுங்க."

அங்கே மின்விசிறிச் சத்தம் மட்டும் கேட்டது. நெடுநேரம் பேசத் தெரிந்த மனிதர். ஒரு வரி சொல்ல முடியவில்லை.

"வெயில்ல பிள்ளையக் கொண்டு வராத" என்றார் கடைசியில். அந்த ஒரு வாக்கியம் மட்டும் மேடைத் தமிழில் இல்லை.

"குடை கொண்டு வருவேன்" என்றேன். குரல் நடுங்கவில்லை என்று நினைக்கிறேன்.

ஜூன் 22, வியாழன்

நானும் கதிரேசனும் பாப்பாவுக்குப் பேர் வைத்துவிட்டோம். மாமா வயலுக்குப் போயிருந்தார்.

வரிசையில் நிற்கும் எந்தப் பிள்ளைக்கும் வராத பேராக இருக்க வேண்டும், அவளுக்கு மட்டுமே என்று இருக்க வேண்டும் என்றேன். கதிரேசன் போனைப் பார்த்து எட்டுப் பத்துப் பேர் படித்தார். எல்லாம் பிஸ்கட் பேர் மாதிரி இருந்தன. பிறகு நான் மனதில் வைத்திருந்ததைச் சொன்னேன்.

"நாச்சியாரா? இந்தக் காலத்துலயா? பள்ளிக்கூடத்துல ஓட்டுவாங்க மதி."

"ஓட்டட்டும். கூப்பிட்டா இவ ஒருத்திதான் திரும்புவா."

பாயில் குனிந்து அவள் காதில் நான்தான் சொன்னேன். ஒரு தடவைதான். தப்பு முழங்கவில்லை. கொட்டாவி விட்டாள்.

"அப்பா என்ன சொல்வாரோ" என்றார் கதிரேசன். ஆனால் அலுவலகம் கிளம்பும்போது வாசலிலிருந்து, "வர்றேன் நாச்சியாரே" என்று குரல் கொடுத்துவிட்டுத்தான் போனார்.

ஜூன் 25, ஞாயிறு

நடந்தது நடந்தபடி எழுதுகிறேன். இரண்டு பேரும் தூங்குகிறார்கள். எனக்குத் தூக்கம் வராது.

பந்தலில் இடமில்லை. பேர் வாங்க வந்தவர்களுக்கு மேடைக்கு இடப்பக்கம் கயிறு கட்டி விட்டிருந்தார்கள். மாமா சலவை வேட்டியில் எனக்கு முன்னால் நின்று வழி ஏற்படுத்திக்கொண்டே வந்தார். பின்னால் கதிரேசன் குடையோடு. சமையல் பந்தலிலிருந்து அம்மா ஓடிவந்தாள். கை கழுவி, புதுச் சேலை கட்டி, பிள்ளையை வாங்கத் தயாராக நின்றாள். என்னைப் பார்த்தாள்.  சேலைத் தலைப்பால் பாப்பாவின் நெற்றி வேர்வையை ஒற்றிவிட்டு ஒதுங்கிக்கொண்டாள்.

படியில் நின்ற தொண்டர் கை நீட்டினார். "குடும்மா."

"நானே கொண்டு வர்றேன்."

"அப்பிடி முறை இல்லம்மா. குடுத்துட்டு அந்தப் பக்கம் போயி வாங்கிக்க."

"குடுத்துரு தாயி, அவுக பாத்துக்கிடுவாக" என்றார் மாமா.

"இல்ல மாமா" என்று சொல்லிவிட்டுப் படியேறினேன். தொண்டர் என் கையைப் பிடித்து இழுக்க முடியாது, பிள்ளை இருக்கிறது. நான் மேலே போய்விட்டேன்.

மேடையிலிருந்து கூட்டத்தைப் பார்த்தது அந்தப் பேச்சுப்போட்டிக்குப் பிறகு இப்போதுதான். பின்வரிசை நாற்காலியில் பரிதிவாணன். என்னைப் பார்த்ததும் தோளில் கிடந்த துண்டைச் சரிசெய்ய ஆரம்பித்தார். தோழர் கூட்டத்தைப் பார்த்தபடியே, பழக்கத்தில், இடப்பக்கம் கையை நீட்டினார். கையில் எதுவும் வந்து விழவில்லை. திரும்பினார்.

என் முகத்துக்கு இன்னும் முப்பது வயது ஏறினால் எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரிந்துவிட்டது.

அவர் தடுமாறவில்லை. மைக்கில், "அடுத்து, தோழர் சின்னச்சாமி பேத்தி, பெண் குழந்தை" என்றார்.

"பேர் வச்சாச்சு தோழர்" என்றேன்.

மைக் அதை வாங்கிப் பந்தல் முழுக்கப் போட்டது. முன்வரிசையில் யாரோ சிரித்தார்கள். "வச்சாச்சுன்னா எதுக்கு ஏறுச்சு?" என்று ஒரு பெண் குரல் கேட்டது. கீழே மாமா வாயைத் திறந்தபடி நின்றார்.

தோழர் உள்ளங்கையால் மைக்கை மூடினார்.

"என்ன பேரு?"

"நாச்சியார்."

"யாரு வச்சது?"

"பெத்தவ."

நான் குத்த நினைத்துச் சொல்லவில்லை. அது அப்படித்தான் வந்தது. அவர் பாப்பாவைப் பார்த்துக்கொண்டே நின்றார். அவர் குரலைப் பாதி வாழ்க்கை குழாய் ஒலிபெருக்கியில் கேட்டிருக்கிறேன். மைக் இல்லாமல் அது சின்னதாக, கரகரப்பாக இருந்தது.

"தூக்கலாமா?"

"தூக்குங்க. ஆனா அந்தப் பக்கம் குடுக்காதீங்க. என் கையிலயே திருப்பிக் குடுக்கணும்."

தலையாட்டினார். கொடுத்தேன். என் கை காலியானது. ஆனால் நான் நின்றுகொண்டிருந்தேன், ஒரு முழ தூரத்தில், பார்த்துக்கொண்டு.

மற்றப் பிள்ளைகளை அக்குளில் கை கொடுத்து உயரத் தூக்கிக் காட்டுவார். இவளை அப்படித் தூக்கவில்லை. தோளில் சாய்த்து, கழுத்து நிற்காத பிள்ளையைப் பிடிப்பதுபோல் பின்னந்தலைக்குக் கை கொடுத்துப் பிடித்துக்கொண்டார். கூட்டம் காத்திருந்தது. தப்புக்காரர் என்ன செய்வதென்று தெரியாமல் ஒரு தட்டுத் தட்டிவிட்டு நிறுத்தினார். பாப்பா அவர் சேலையில் எச்சில் வடித்தாள்.

பிறகு மைக்குக்கு வந்தார். "நாச்சியார்" என்றார். "நாச்சியார்." மூன்றாவதுக்கு முன் நிறுத்தினார். எனக்குச் சொல்லிக்கொடுத்த அதே நிறுத்தம்தான் என்று நினைத்தேன். ஆனால் நேரம் போய்க்கொண்டே இருந்தது. பரிதிவாணன் நாற்காலியிலிருந்து பாதி எழுந்தார். "அவங்க அம்மா வச்ச பேரு" என்றார் தோழர். "நாச்சியார்."

தப்பு முழங்கியது. வலப்பக்கத் தொண்டர் வழக்கம்போல் கை நீட்டினார். தோழர் அந்தக் கைகளைப் பார்த்தார். அப்புறம் திரும்பி, பாப்பாவை என் கையில் கொடுத்தார்.

வந்த படியிலேயே இறங்கினேன். ஏறிக்கொண்டிருந்தவர்கள் ஒதுங்கி வழிவிட வேண்டியிருந்தது. யாரும் திட்டவில்லை.

ஜூன் 26, திங்கள்

மாமா காலையிலிருந்து என்னோடு பேசவில்லை. இட்லியைச் சுவரைப் பார்த்துச் சாப்பிட்டார். "நாச்சியாராம். எங்க அப்பத்தா காலத்துக் கெழவிக பேரு. இதுக்கா அஞ்சு மாசம் காத்திருந்தோம்" என்று இட்லியிடம் சொன்னார். கதிரேசன் சிரிப்பை அடக்கிக்கொண்டு ஆபீசுக்கு ஓடினார்.

மத்தியானம் தெருவில் அவர் குரல் கேட்டது. "எல்லாத்துக்கும் பேரு வச்சாக, சரி. மைக்க மூடிட்டு ரகசியம் பேசுனது எம் மருமககிட்ட மட்டுந்தான, பாத்தீகளா?"

உள்ளே வந்தார்.

"அப்பிடி என்ன தாயி கேட்டாக?"

"தூக்கலாமான்னு கேட்டாங்க மாமா."

"தோழரா? ஒன்கிட்டக் கேட்டாகளா?"

"ஆமா."

யோசித்தார். கொல்லைப்பக்கம் போனார். சோப்புப் போட்டுக் கை கழுவுகிற சத்தம் வெகுநேரம் கேட்டது. ஈரக் கையைத் துண்டில் துடைத்துக்கொண்டே வந்து பாய்க்கு எதிரில் நின்றார்.

"அவுகளே கேட்டாகன்னா நானும் கேக்கணும்ல. தூக்கலாமா தாயி?"

கொடுத்தேன்.  "கனமாத்தான் இருக்கா" என்றார். அவளைத் தூக்கிக்கொண்டு வாசல்வரை போய், எதிர்வீட்டுக்குக் காட்டிவிட்டு, கூப்பிடாமலே திரும்பி வந்து கொடுத்தார்.

ஜூன் 27, செவ்வாய்

நேற்று மாமா கையில் பாப்பாவைக் கொடுத்ததிலிருந்து அவரிடம் மறைப்பது கனக்கிறது. கதிரேசனிடம் சொன்னேன். திட்டுவார் என்று நினைத்தேன். "நீ சொல்லாத. சொல்ல வேண்டியவங்க சொல்லட்டும்" என்றார்.

ஜூன் 29, வியாழன்

கேழ்வரகை அரைத்துச் சலித்து டப்பாவில் போட்டேன்.

அம்மா வந்தாள். மாமா வீட்டில் இல்லை என்று பார்த்துக்கொண்டுதான் உட்கார்ந்தாள்.

"தோழர் ஒன்னு சொல்லிவிட்டாக. மறுபடியும் பாப்பாவப் பாக்கணுமாம். மதுரைக்குப் போற வழியில, இருட்டுனப்பறம், காரை மெயின் ரோட்டுலயே விட்டுட்டு நடந்து வர்றாகளாம். கொல்லைக் கதவத் தெறந்து வைக்கச் சொன்னாக. ஒரு அர மணி நேரம் இருந்துட்டுப் போயிருவாகளாம்."

பாப்பா அவள் மடியில் இருந்தாள். நான்தான் கொடுத்திருந்தேன். முகத்தை நிமிர்த்தி அம்மாவின் மூக்குத்தியைப் பிடிக்கப் பார்த்தாள்.

"வரச் சொல்லும்மா. ஆனா இருட்டுல வேணாம். பகல்ல வரட்டும், மாமா வீட்டுல இருக்குறப்ப. காரை வாசல்லயே நிறுத்தலாம், எடம் இருக்கு."

"என்ன புள்ள பேசுற? பகல்ல வந்தா தெருவே கூடிரும். ஒங்க மாமா, எதுக்கு நம்ம வீடு தேடி வந்தாகன்னு கேப்பாரே. என்ன சொல்ல?"

"அத நான் ஏன் சொல்லணும்? வர்றவங்க சொல்லட்டும். பேசத் தெரியாதவங்களா அவங்க?"

அம்மா வெகுநேரம் பாப்பாவின் காலைத் தடவிக்கொண்டிருந்தாள்.

"இத இப்பிடியே போயிச் சொல்லவா?"

"இப்பிடியே சொல்லு."